மலைக்கு வைத்திருந்த சிவப்பு

நிறப் பிரிவில் புதிதாகச் சேர்ந்திருக்கும் தம்பி தங்கச்சிமாரே,

என்னை உங்களுக்கு அறிமுகப்படுத்தியவர்கள், "நீலவரையின் நிறவிதியைக் கண்டுபிடித்தவர் இவர்தான்" என்று சொல்லியிருப்பார்கள். அந்தப் பேச்சை நான் இதுவரை மறுத்ததே இல்லை. யாராவது சொல்லும்போது தலையைக் கொஞ்சம் குனிந்துகொண்டு, அடக்கமான மனுசன் மாதிரி சிரிப்பேன். ஓய்வு பெற்ற பிறகு அந்தச் சிரிப்பு இன்னும் நன்றாக வருகிறது. ஆனால் நீங்கள் இனி என் கதிரையில் உட்காரப் போகிறவர்கள். அதனால் உண்மையைச் சொல்லிவிடுகிறேன்.

கண்டியில் நம் அச்சகம் வெளியிட்ட படக்கதைதான் 'நீலவரை'. படிக்காதவர்களுக்காக நாலு வரி. நீலவரை ஒரு மலைநாடு. அங்கே உள்ள எல்லாமே மூன்று நிறத்தால் ஆனவை: ஏழு பங்கு நீலம், இரண்டு பங்கு மஞ்சள், ஒரு பங்கு சிவப்பு. இந்தப் பங்கு குலையாத வரை மலை தூங்கும். அந்த நாட்டு மனிதர்கள் பச்சை நிறம். ஒவ்வொருவருடைய உள்ளங்கையிலும் ஒரு சிவப்புப் பொட்டு இருக்கும். அது அவர்கள் கொடுத்த வாக்கு. வாக்குத் தவறினால் பொட்டு கையைவிட்டு இறங்கி மலைக்குள் போய்விடும். மலையில் சிவப்பு சேர்ந்துகொண்டே போனால் ஒருநாள் மலை விழித்துக்கொள்ளும்.

இதைப் படித்துவிட்டு என்னென்ன சொன்னார்கள் தெரியுமா? தியானம் சொல்லிக்கொடுக்கும் ஒருவர், ஏழு என்பது உடம்பில் உள்ள ஏழு சக்கரம் என்று நாலு பக்கம் எழுதி அனுப்பினார். கட்டுகஸ்தோட்டையில் ஒரு கடைக்காரர் தன் கடைக்கே ஏழு, இரண்டு, ஒன்று என்று பெயின்ட் அடித்துவிட்டு, அன்றிலிருந்து கூட்டம் தாங்கவில்லை என்றார். பேராதனைச் சந்தி ஸ்டேஷனில் சிக்னல் வேலை பார்த்த ஒரு யாழ்ப்பாணத்து வாசகர் எல்லாரையும் மிஞ்சிவிட்டார். ரயிலுக்கும் ரயிலுக்கும் நடுவில், கட்டம் போட்ட கண்ணாடித் தாளைப் பக்கத்தின் மேல் விரித்து, எந்த நிறம் எத்தனை கட்டம் என்று எண்ணுவாராம். நாள் முழுக்க சிவப்பையும் பச்சையையும் நம்பி வாழும் மனுசன். அவருக்கு இதில் விளையாட்டுக் கிடையாது.

உண்மை என்னவென்றால், சிவப்பு மை இருக்கவில்லை. அவ்வளவுதான்.

பெட்ரோலுக்கும் காஸுக்கும் பால்மாவுக்கும் வரிசையில் நின்ற காலம் அது. கொழும்பில் மை விற்கிறவரிடம் கேட்டால் நீலம் தருவார், மஞ்சள் தருவார். சிவப்புக்கு மட்டும் "அடுத்த கப்பல்" என்பார். அந்தக் கப்பல் எந்தக் கடலில் மிதந்ததோ, எனக்கு இன்றுவரை தெரியாது. சிவப்பு இல்லாமல் மனிதத் தோலின் நிறம் வராது. நீலத்தையும் மஞ்சளையும் எப்படிக் கலந்தாலும் பச்சைதான்.

கதையை எழுதி, படமும் வரைந்தது செல்வி. நீங்கள் இப்போது பயந்து பயந்து "மேடம்" என்று கூப்பிடுகிறீர்களே, அதே செல்விதான். அப்போது புசல்லாவைத் தோட்டத்திலிருந்து தினமும் பஸ்ஸில் வந்து போவாள். முதல் புத்தகத்துக்குப் படங்களைக் கொண்டுவந்து என் மேசையில் வைத்து, "மனுசருக்கு என்ன கலரு போடுவீங்கண்ணே?" என்று கேட்டாள்.

"பச்சைதான். வேற வழியில்ல."

"எல்லாருக்குமா?"

"எல்லாருக்கும். வேணும்னா ஆளுக்கு ஒரு சொட்டு சிவப்பு தரலாம். பொட்டு அளவுக்கு."

நான் கையாலாகாமல் சொன்னேன். அவள் இரண்டே நாளில், பொட்டும் வாக்கும் மலையுமாக ஒரு நாட்டையே எழுதிக்கொண்டு வந்துவிட்டாள். ஏழு, இரண்டு, ஒன்று என்பது எங்கள் மை அலுமாரியில் இருந்த டின்களின் விகிதம். நிறவிதியில் என் பங்கு இவ்வளவே. இனி யாராவது கேட்டால், தலையைக் குனிந்து சிரித்துவிட்டுப் போங்கள்.

இப்போது நான் செய்த பெரிய தப்புக்கு வருகிறேன். நான் செய்த தப்புகளிலேயே இதைத்தான் பெருமையாகச் சொல்லலாம்.

நீலவரையின் கடைசிப் புத்தகம் நெருங்கியது. அதில் மலை விழிக்க வேண்டும். புத்தகத்தின் முடிவில் ஒரு பெரிய தாளை மடித்து வைப்பது, விரித்தால் மலை முழுக்க முழுக்கச் சிவப்பாக எழுந்து நிற்பது என்பது செல்வியின் திட்டம். அதுவரை பொட்டுப் பொட்டாகச் சிவப்பைப் பார்த்து ஏங்கிய வாசகனுக்கு அது ஒரே அடியாக முகத்தில் வந்து விழும். அதற்காக ஒரு டின் சிவப்பை எங்கள் அலுமாரியின் மேல்தட்டில் மாதக்கணக்காகச் சேமித்து வைத்திருந்தோம். செல்வி அதன்மேல் ஒரு துண்டுத் தாளை ஒட்டி, 'மலைக்கு. தொடாதீங்க' என்று எழுதியிருந்தாள்.

அந்தப் புத்தகத்தில் அவளுக்கு வேறொரு கணக்கும் இருந்தது. எங்கள் முதலாளியை நாங்கள் ஹாஜியார் என்போம். நல்ல மனுசர். ஆனால் தாள் கிடைக்காமல் தவித்துக்கொண்டிருந்தார். "பரீட்சைத் தாள் அடிச்சாலாவது மிசின் ஓடும். படக்கதைக்கு இனி எங்கால தாள் கொண்டு வாரது? சனிக்கிழமை புத்தகம் கைக்கு வரட்டும். பாத்துட்டு ஒரு முடிவு சொல்றன்" என்றார். படக்கதைப் பிரிவை மூடினால் செல்விக்கு அங்கே வேலை இல்லை. டவுனில் ஓர் ஏஜென்ட்டிடம் அவளுடைய பாஸ்போர்ட் ஏற்கெனவே போயிருந்தது. குவைத்தில் ஒரு வீட்டு வேலை. போவதா இல்லையா என்று திங்கட்கிழமை பதில் சொல்ல வேண்டும். அவள் அம்மாவே "போயிட்டு வந்துரு" என்று சொல்லிவிட்டாராம்.

இதெல்லாம் எனக்குத் தெரியும். தெரிந்துகொண்டுதான் டின்னைத் தொட்டேன்.

என் மகளுக்குக் கல்யாணம் நிச்சயமாகியிருந்தது. அச்சகத்தில் வேலை செய்கிறவர்கள் வீட்டுக் கார்ட்டை வேலை முடிந்த பிறகு அங்கேயே அடித்துக்கொள்ளலாம் என்பது ஹாஜியாரின் வாப்பா காலத்து வழக்கம். நீலமும் மஞ்சளும் வைத்து ஒரு கார்ட் அடித்து, மஹய்யாவவில் உள்ள வீட்டுக்குக் கொண்டுபோனேன். என் மனைவி அதைத் தூக்கிப் பிடித்துப் பார்த்துவிட்டு, "இது கல்யாணக் கார்டா, ஆஸ்பத்திரி சீட்டா?" என்று கேட்டாள். மகள் அதை வாங்கி மேசையில் கவிழ்த்து வைத்தாள். அதுதான் தாங்க முடியவில்லை. ஊருக்கெல்லாம் நிறம் போட்டவன், சொந்த மகளின் பெயரைச் சிவப்பில் போட முடியாமல் நிற்கிறேனே என்று ரோசம் வந்துவிட்டது.

ஒரு கத்தி நுனி அளவுதான் எடுப்பதாக இருந்தேன். பெயருக்கு மட்டும். பெயர் சிவப்பில் வந்ததும் பிள்ளையார் பச்சையாகத் தெரிந்தார். அவருக்கும் கொஞ்சம். பிறகு ஓரத்தில் ஒரு கரை. கரை வந்த பிறகு தாம்பூலத் தட்டில் உள்ள வெற்றிலை தவிர எல்லாமே சிவப்பாகிவிட்டது. இதற்குள் கரண்ட் போய்விட்டது. தடுமாறி டின்னை அலுமாரியின் மேல்தட்டில் ஏற்றி, மூடியைத் தொப்பி மாதிரி வைத்துவிட்டு வீட்டுக்குப் போனேன்.

நீங்கள் கணினிப் பிள்ளைகள், அதனால் இதை மட்டும் சொல்கிறேன். திறந்த டின்னில் மையின்மேல் எண்ணெய்த் தாள் பரப்பி, மூடியை விளிம்பு முழுக்கத் தட்டி இறுக்க வேண்டும். காற்றுப் பட்டால் மை தோல் கட்டிவிடும். அச்சகத்தில் முதல் வாரத்திலேயே சொல்லிக்கொடுப்பார்கள். நானே பல பேருக்குச் சொல்லிக்கொடுத்திருக்கிறேன்.

மூன்று வாரம் கழித்து, வெள்ளிக்கிழமை காலை. எங்கள் மெஷின் ஒரு நேரத்தில் ஒரு நிறம்தான் அடிக்கும். விரிப்புத் தாளில் கறுப்புக் கோடுகள் முந்தின நாளே ஓடி முடிந்திருந்தன. மலை, மலையடியில் கையை உயர்த்தி நிற்கும் கதாநாயகி, கீழே இரண்டே சொல்: மலை விழித்தது. இனிச் சிவப்பு, நீலம், மஞ்சள் ஓட வேண்டும். பகல் மூன்று மணிக்குக் கரண்ட் போகும். வேறு தாள் கிடையாது. மெஷின் ஓட்டுகிற பண்டா உருளைகளைக் கழுவி வைத்துவிட்டு, "தங்கராசு அய்யே, ரத்து டின் கொண்டு வா" என்றார். பண்டா சிங்களவர். 'அய்யே' என்றால் அண்ணன், 'ரத்து' என்றால் சிவப்பு. வேலைக்கும் சண்டைக்கும் போதுமான தமிழ் பேசுவார். எழுத்து ஒன்றுகூடத் தெரியாது. நீலவரையை ஒவ்வொரு தாளாக அடித்தவர், கதை என்னவென்று கடைசி வரை கேட்டதே இல்லை.

டின்னைத் திறந்தேன். உள்ளே எருமைத் தோல்.

அந்த நிமிடத்தில் சொல்லியிருக்க வேண்டும். "நான்தான் எடுத்தேன், நான்தான் மூடாமல் விட்டேன்" என்று ஒரு வசனம். அதற்குப் பதிலாக, "வெயிலுக்குக் காஞ்சிருக்கும் போல" என்றேன். கண்டியில், மழை மாதத்தில், வெயிலால் மை காய்ந்தது என்று சொன்ன முதல் மனிதன் நானாகத்தான் இருப்பேன். வெளியே ஏரிப் பக்கமெல்லாம் ஒரே மழை. பண்டா யன்னலைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், பிறகு தோலைக் கிழிக்க ஆரம்பித்தார்.

அடியில் ஒரு பிடி நல்ல மை மிஞ்சியிருந்தது. செல்வியின் முகத்தைப் பார்க்கப் பயந்து, நான் உடனே பெரிய நிபுணன் வேடம் போட்டேன். "ஒண்ணும் பயப்படாதீங்க. இளக்கி நீட்டி ஓட்டினா மலை முழுக்கப் போதும். என் அனுபவத்துக்கு இதெல்லாம் தூசி" என்றேன். நல்ல மையில் பாதிக்கு மேல் எடுத்து இளக்கிப் போட்டு, பத்துத் தாள் ஓட்டிப் பார்த்தோம்.

மலை வந்தது. வெளிறிய இளஞ்சிவப்பில், பலூடா நிறத்தில் வந்தது. மேலே கொஞ்சம் கசகசா தூவினால் டவுனில் விற்கலாம்.

பண்டா ஒரு தாளைத் தூக்கிப் பிடித்து, "ஹரியன்னே நே, அய்யே" என்றார். சரிவராது என்கிறார். சிரிக்கவில்லை. செல்வியும் சிரிக்கவில்லை. என் தமாஷுக்குச் சிரிக்க ஆள் இல்லாமல் போன நாள் அது ஒன்றுதான். அவள் டின்னின்மேல் தான் ஒட்டியிருந்த துண்டுத் தாளை விரலால் தடவிக்கொண்டே, "திங்கக்கிழமை ஏஜென்டுகிட்ட சரின்னு சொல்லிட வேண்டியதுதான்" என்றாள். யாரிடமும் இல்லை, டின்னிடம் சொன்னாள்.

அப்போதுதான் என் வாய் திறந்தது.

"செல்வி, வெயிலு இல்ல. நாந்தான்."

எல்லாவற்றையும் சொன்னேன். பெயர், பிள்ளையார், கரை, தாம்பூலத் தட்டு வரைக்கும்.

அவள் அந்தத் துண்டுத் தாளை டின்னிலிருந்து உரித்தெடுத்தாள். பிறகு, "ஏண்ணே, என்கிட்ட கேட்டிருந்தா நானே எடுத்துத் தந்திருப்பேனே" என்றாள். திட்டியிருந்தால் பரவாயில்லை. "கார்ட குடுத்தப்ப எவ்வளவு நல்லாருக்குன்னு அம்மாகிட்ட காட்டினேன். என் மலையத்தான் காட்டியிருக்கேன்."

நாங்கள் பேசியதில் பண்டாவுக்கு எவ்வளவு புரிந்ததோ தெரியாது. அவர் தன் வேலையைப் பார்த்தார். மிஞ்சிய மை உயிரோடு இருக்கிறதா என்று தெரிய வேண்டும். அதற்கு அச்சுக்காரர்கள் விரல் நுனியில் மையைத் தொட்டுத் தாளில் ஒற்றிப் பார்ப்பார்கள். கைக்கு அகப்பட்டது கறுப்பு மட்டும் ஓடியிருந்த விரிப்புத் தாள். பண்டா அதில் ஓர் இடத்தில் அழுத்தி ஒற்றினார். அடர்ந்த, சுத்தமான சிவப்பு. "மே ஹொந்தய்" என்றார். இது நல்லது.

விரல் விழுந்த இடம் கதாநாயகி உயர்த்திய உள்ளங்கை.

அவர் தெரிந்து வைக்கவில்லை. வெள்ளையாக இருந்த இடத்தில் வைத்தார். ஆனால் செல்வி மேசையைப் பிடித்துக்கொண்டு அப்படியே நின்றுவிட்டாள். பெரிய வெள்ளைத் தாள். கறுப்புக் கோட்டில் மலை. நீலம் இல்லை, மஞ்சள் இல்லை. அவ்வளவு பெரிய வெறுமையில் அந்தக் கைக்குள் ஒரு விரல் அளவு சிவப்பு. என் கண் வேறெங்கும் போகவில்லை. முழு மலையும் சிவப்பாக நின்றிருந்தால்கூட அவ்வளவு சிவப்பாக இருந்திருக்காது.

"மத்த நிறமெல்லாம் எந்திரிச்சிப் போயிருச்சிண்ணே" என்றாள் செல்வி. "மலை முழிச்சதும் எல்லாம் போயிருச்சு. வாக்கு தவறாதவ ஒருத்தி. அவ கையில உள்ளது மட்டும்தான் நிக்கிது."

"அப்ப நீலம்?"

"வேணாம்."

"மஞ்சள்?"

"ஒண்ணும் வேணாம். அந்த விரல மட்டும் அடிங்க."

மணி பன்னிரண்டு தாண்டிவிட்டது. சிவப்புக்குப் புது அச்சுத் தகடு செய்ய வேண்டும். பண்டாவின் விரல் அடையாளத்தை அப்படியே ஸ்கேன் செய்தேன், ரேகை வரிகளோடு. அதற்குள் ஹாஜியார் ஜும்ஆத் தொழுகை முடித்துவிட்டு வந்துவிட்டார். வெள்ளைத் தாளைப் பார்த்தார்.

"என்ன தங்கராசு இது? மலை எங்க ஈக்குது? மை முடிஞ்சி போச்சிண்டு சனம் சொல்லாதா?"

"முடிஞ்சிதானே போச்சு, ஹாஜி."

"எப்படி முடிஞ்சது? ஒரு டின் ஈந்திச்சே?"

பண்டா என்னைப் பார்க்கவில்லை. செல்வியும் பார்க்கவில்லை. எலி, வெயில், பழைய மை என்று என் நாக்கில் மூன்று பொய் வரிசையாக நின்றன. ஆனால் ஒருதடவை சொன்ன உண்மையை இரண்டாவது தடவை சொல்வது அவ்வளவு கஷ்டமாக இருக்கவில்லை. "மகளுடைய கார்டுக்கு எடுத்தேன், ஹாஜி. மிச்சத்த மூடாம வச்சேன்."

ஹாஜியார் கதிரையில் உட்கார்ந்தார். "எனக்கும் கார்ட் வந்திச்சு" என்றார் மெதுவாக. "இந்தக் காலத்துல இப்படிச் செவப்பு இவனுக்கு எங்கால கிடைச்சிச்சு எண்டு யோசிச்சன்." பிறகு தாளை மறுபடி எடுத்தார். கையை நீட்டித் தூரத்தில் வைத்துப் பார்த்தார். கிட்ட வைத்துப் பார்த்தார். கண்ணாடியைக் கழற்றிவிட்டும் பார்த்தார். "மூணு மணிக்குக் கரண்ட் போகும். ஓட்டுங்க" என்றார்.

பண்டா ஓட்டினார். கரண்ட் போகக் கொஞ்ச நேரம் இருக்கும்போது கடைசித் தாள் விழுந்தது. டின்னை வழித்துப் பார்த்தோம், கத்தி நுனி அளவு மிஞ்சியிருந்தது. நான் எடுப்பதாக இருந்தேனே, அதே அளவு.

சனிக்கிழமை கட்டிய புத்தகத்தை ஹாஜியார் கையில் கொடுத்தோம். அவர் முழுக்கப் படித்தார். விரிப்பைத் திறந்தார். நாங்கள் மூன்று பேரும் பள்ளிக்கூடப் பிள்ளைகள் மாதிரி நின்றோம். அவர் விரிப்பை மடிக்கத் தெரியாமல் இரண்டு தடவை தப்பாக மடித்து, மூன்றாவது தடவை சரியாக மடித்து, செல்வியிடம், "மகள், அடுத்தது என்ன கதை? சொன்னாத்தானே நான் தாள் தேடலாம்" என்றார்.

செல்வி முகத்தைத் துடைத்துக்கொண்டு வெளியே போய்விட்டாள். திங்கட்கிழமை அரைநாள் லீவு எடுத்தாள். பின்னேரம் வந்து, ஒரு சிலிசிலி பிளாஸ்டிக் பையை மை அலுமாரிக்குள் வைத்தாள். உள்ளே பாஸ்போர்ட்.

இதில் நீங்கள் எதைப் பிடித்துக்கொள்ள வேண்டும் என்று கேட்டால், அனுபவசாலி மாதிரி கொஞ்சம் பேசிவிடுகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள். குறைவாக உள்ளதை நீட்டாதீர்கள், ஓர் இடத்தில் வையுங்கள். கதை படிக்கத் தெரியாதவரின் கண்ணை மதியுங்கள். நாங்கள் இரண்டு பேரும் மலையையே பார்த்துக்கொண்டிருந்தோம், பண்டா தாளைப் பார்த்தார். அதைவிட முக்கியம், தப்பு நடந்தால் மெஷினைக் கழுவும் முன்பே சொல்லுங்கள். நான் பலூடா அடித்த அந்த இரண்டு மணி நேரமும், பாதி மையும், உண்மையைச் சொல்லாததற்குப் போனவை. நான் வாயைத் திறந்த பிறகுதான் மற்றவர்களுடைய கண் வேலை செய்யத் தொடங்கியது.

புத்தகம் வந்து ஒரு மாதத்தில் பேராதனைச் சந்தி சிக்னல்காரரிடமிருந்து கடிதம் வந்தது. செல்வி படித்துவிட்டு, என் மேசையில் கொண்டுவந்து வைத்தாள்.

'விரிப்பிலை சிவப்பைப் பத்துத் தரம் எண்ணிப் பாத்தன். ஒரு பங்கு எண்டு சொன்னீங்கள். அரைக்கால் பங்கும் இல்லை. சிவப்பு சேர்ந்தால்தானே மலை முழிக்கும்? மிச்சச் சிவப்பு எங்கை போனது?'

"நீ ஏதாவது எழுதிப் போடேன், செல்வி. ஆவியாப் போச்சு, ஆகாயத்துல கலந்துச்சுன்னு" என்றேன்.

"இதுக்கு நான் கதை எழுத மாட்டேன்ணே. உங்களுக்கு வந்த கேள்வி. நீங்களே பதில் போடுங்க."

பேனாவை எடுத்தேன். நீலவரையைப் பற்றி நான் எழுதிய ஒரே வசனம் அதுதான். 'ஐயா, மிச்சச் சிவப்பு என் மகளின் கல்யாணத்துக்கு வந்துவிட்டது' என்று எழுதிக் கையெழுத்துப் போட்டு அனுப்பினேன்.

ஒரு வாரத்தில் தபாலட்டை வந்தது.

'ஓம், அப்ப கணக்குச் சரி. கலியாணம் நல்லபடியா நடந்ததோ?'